காத்திருப்பு அறையில் இருந்தவர்கள்

1993 மே 5 அன்று 'குவாண்டம் லீப்' என்னும் அமெரிக்கக் காலப்பயணத் தொடரின் கடைசி எபிசோட் முடிந்தபோது கறுப்புத் திரையில் ஒரு வரி தோன்றியது. டாக்டர் சாம் பெக்கெட் வீடு திரும்பவேயில்லை என்றது அது. ஐந்து சீசன்கள், 97 எபிசோடுகள் அவன் பின்னாலேயே அலைந்தவர்களுக்குக் கிடைத்த விடை அவ்வளவுதான். அந்த வரியிலும் அவன் பெயரைப் பிழையாக எழுதியிருந்தார்கள். இறுதியில் வர வேண்டிய இரண்டு 'டி' எழுத்துகளில் ஒன்று விடுபட்டிருந்தது.

ஒளிபரப்பாகிப் பல வருடங்கள் கழித்துத்தான் நான் அதைப் பார்த்தேன். ஒரு மனிதனைக் காலத்துக்குள் தொலைத்துவிட்டு, அவன் பெயரைக்கூடச் சரிபார்க்காமல் கதவைச் சாத்திவிட்டார்களே என்று முதலில் கோபம்தான் வந்தது. துக்கம் மெதுவாக, இரண்டு மூன்று நாட்கள் கழித்து வந்தது.

2022 செப்டம்பரில், முன்பு அதை ஒளிபரப்பிய அதே என்பிசி தொலைக்காட்சி அந்தத் தொடரை மீண்டும் தொடங்கியபோது பழைய கடன் ஒன்றை வசூலிக்கப் போகிறவனைப் போல உட்கார்ந்தேன். புதிய தொடர் இரண்டு சீசன்கள் ஓடி, 31 எபிசோடுகளோடு 2024இல் நின்றது. அதன் பிறகு பழையதையும் புதியதையும் மாற்றி மாற்றி மறுபடி பார்த்தேன். இதை எழுதத் தூண்டியது அந்த இரண்டாவது பார்வைதான். கடனை நான் தவறான ஆளிடம் கேட்டுக்கொண்டிருந்தேன் என்பது அப்போதுதான் புரிந்தது.

தொடரைப் பார்க்காதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். சாம் பெக்கெட் ஓர் இயற்பியலாளன். வாழ்க்கையை ஒரு நூலாக நினைத்துக்கொள்ளுங்கள், அதன் இரு முனைகளையும் முடிந்து கைக்குள் உருட்டிவிட்டால் தொலைவிலிருந்த நாட்கள் ஒன்றையொன்று தொடும் என்பது அவன் கொள்கை. அந்த இயந்திரத்துக்குள் அவசரப்பட்டு நுழைகிறான். கண் விழிக்கும்போது வேறொரு வருடத்தில், வேறொருவரின் இடத்தில் இருக்கிறான். கண்ணாடியில் தெரிவது அந்த வேறொருவரின் முகம். அவர் வாழ்வில் தவறிப்போன ஏதோ ஒன்றைச் சரிசெய்தால்தான் அடுத்த பாய்ச்சல். துணைக்கு அட்மிரல் அல் கலவிச்சி. அவனும் எதிர்காலத்திலிருந்து வரும் ஹோலோகிராம் உருவம் மட்டுமே. சாமின் கண்ணுக்குத்தான் தெரிவான், எதையும் தொட முடியாது. ஸ்காட் பாகுலாவும் டீன் ஸ்டாக்வெல்லும் நடித்தார்கள். உருவாக்கியவர் டொனால்ட் பெல்லிசாரியோ.

இதில் ஒரு விதி உண்டு. சாம் தன் ஆயுளுக்குள்தான் பாய முடியும். அவன் பிறந்தது 1953இல். ஆகவே டைனோசர்களும் ரோமாபுரியும் அவனுக்கு இல்லை. பார்த்துக்கொண்டிருப்பவரின் அப்பா அம்மா வாழ்ந்த காலம் மட்டுமே உண்டு. (முன்னோரின் மரபணு வழியாக அமெரிக்க உள்நாட்டுப் போருக்குள் ஒருமுறை போகிறான். அந்த விதிவிலக்கு எனக்குப் பிடிக்கவில்லை.) செலவைக் கருதியும் இப்படி ஒரு வரம்பு வைத்திருக்கலாம். எப்படியிருந்தாலும் தொடரின் உயிர் அதில்தான் இருந்தது. வரலாற்றுப் புத்தகத்தில் இருக்கும் கடந்த காலத்தை யாரும் திருத்த ஏங்குவதில்லை. கைக்கெட்டிய தூரத்திலிருந்து நழுவிப்போன கடந்த காலத்தைத்தான் மனம் திரும்பத் திரும்பத் திருத்திப் பார்க்கிறது.

மறுஆக்கம் செய்கிறவர்களுக்கு முதல் சிக்கல் இங்கேதான் வருகிறது. 1989இல் ஒளிபரப்பான முதல் எபிசோடில் சாம் 1956இல், ஒரு சோதனை விமானியின் இடத்தில் கண் விழிக்கிறான். இடைவெளி 33 வருடங்கள். 2022இலிருந்து அதே 33 வருடங்களைக் கழித்தால் 1989 வருகிறது, பழைய தொடர் பிறந்த வருடம். யாருக்கு எது 'நேற்று' என்பதே நகர்ந்துவிட்டது. புதிய தொடர் இதை உணர்ந்திருந்தது. அதன் நாயகன் பென் சாங், முதல் எபிசோடில் 1985 ஜூலை 13க்குப் போகிறான். பின்னொரு எபிசோடில் சான் பிரான்சிஸ்கோவை உலுக்கிய 1989 அக்டோபர் நிலநடுக்கத்துக்குள் விழுகிறான். சாமின் தொடர் ஒளிபரப்பாகிக்கொண்டிருந்த மாதங்கள் பென்னுக்குக் காப்பாற்றப்பட வேண்டிய கடந்த காலம். அந்த எபிசோடைப் பார்க்கும்போது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

ஆனால் ஆயுள் என்னும் வரம்பைப் புதிய தொடர் கைவிட்டுவிட்டது. பென் மேற்கத்திய எல்லைப்புறத்துக்குப் போகிறான், சேலம் நகரத்துச் சூனியக்காரி விசாரணைகளுக்கும் போகிறான். எங்கும் போகலாம் என்று ஆனதும், போகிற இடத்தின் கனம் குறைந்துபோயிற்று.

சிறு விதிகளைப் பற்றி இவ்வளவு பேசுவது பழைய ரசிகனின் பிடிவாதமாகத் தோன்றலாம். நான் சொல்ல விரும்பும் முக்கியமான விஷயம் வேறு.

பழைய தொடரின் முதல் சீசனில் சாம் 1955ஆம் ஆண்டு அலபாமாவுக்குப் போகிறான். ஓர் உணவகத்துக்குள் நுழைந்து, எதையும் யோசிக்காமல் பரிமாறும் மேடை அருகே இருந்த இருக்கையில் உட்காருகிறான். கடை முழுக்க உறைந்துபோகிறது. கண்ணாடியைப் பார்க்கிறான். அவன் இப்போது ஜெஸ்ஸி டைலர் என்னும் வயதான கறுப்பினத்தவர், ஒரு வெள்ளைக்கார மூதாட்டியின் கார் ஓட்டுநர். வெள்ளையர்களுக்கான இருக்கையில் உட்கார்ந்துவிட்டார். பார்வையாளர்களான நமக்குத் தெரிவது பாகுலாவின் முகம். கடையில் இருப்பவர்களுக்குத் தெரிவது டைலரின் முகம். தன்னைப் போன்ற ஒருவனை இப்படி நடத்துகிறார்களே என்று வெள்ளையினப் பார்வையாளன் துணுக்குற வேண்டும் என்பதுதான் அந்தக் காட்சியின் உத்தி. 1989இன் வணிகத் தொலைக்காட்சிக்கு அது துணிச்சலான வேலை. அதை நான் குறைத்துப் பேச மாட்டேன்.

இன்று அதே காட்சியைப் பார்க்கும்போது மனத்தில் எழும் கேள்வி, ஜெஸ்ஸி டைலர் எங்கே என்பதுதான். அவருடைய அவமானத்தைச் சாம் அனுபவிக்கிறான், அவருடைய நியாயத்தைச் சாம் பேசுகிறான், அவருடைய வீரமும் சாமின் வீரமாகிவிடுகிறது. அவரோ எதிர்காலத்தில் காத்திருப்பு அறை என்று அழைக்கப்படும் ஓர் அறையில் இருக்கிறார். சாம் பிறரின் இடத்தில் இருக்கும்வரை அந்தப் பிறர் அங்கேதான் இருந்தாக வேண்டும். வாரத்துக்கு ஒருவராக எத்தனையோ பேர் அந்த அறைக்கு வந்து போயிருக்கிறார்கள். அல் சில வேளைகளில் போகிற போக்கில் அவர்களைப் பற்றிச் சொல்வான். நாம் அந்த அறையை ஏறக்குறையப் பார்ப்பதே இல்லை.

இந்தக் குறை பழைய தொடருக்குத் தெரியாமல் இல்லை. நான்காவது சீசனில் சாம், வன்புணர்வுக்கு ஆளான கேட்டி என்னும் இளம்பெண்ணின் இடத்துக்குப் போகிறான். வருடம் 1980. வழக்கு நீதிமன்றத்துக்கு வருகிறது. சாட்சிக் கூண்டில் ஏறிய சாமுக்கு என்ன நடந்தது என்று தெரியாது. நடந்தது அவனுக்கு அல்ல. அப்போது அல் அந்தப் பெண்ணைக் காத்திருப்பு அறையிலிருந்து ஹோலோகிராம் கூடத்துக்கு அழைத்து வருகிறான். அவள் சாமின் முன் தோன்றித் தனக்கு நேர்ந்ததைச் சொல்லத் தொடங்குகிறாள். அவள் சொல்லச் சொல்ல, சாம் அதே சொற்களை நீதிமன்றத்தில் திருப்பிச் சொல்கிறான். நாயகன் ஒரு வாயாக மட்டும் மாறி நிற்கும் காட்சி அது. தொலைக்காட்சியில் நான் பார்த்த மிகச் சிறந்த பத்து நிமிடங்களைக் கேட்டால் இதைத்தான் முதலில் சொல்வேன். தொடர் தன் சொந்த உத்தியின் எல்லையைத் தானே கண்டுகொண்டு அந்தக் கதவைத் திறந்தது. பிறகு மூடிவிட்டது.

மீண்டும் அது திறக்க முப்பது வருடங்கள் ஆயின. 1990இல் வந்த வியட்நாம் எபிசோடில் சாம், மேஜிக் என்னும் கறுப்பினப் படைவீரனின் இடத்துக்குப் போய்த் தன் அண்ணன் டாமைச் சாவிலிருந்து காப்பாற்றுகிறான். கதை அண்ணன் தம்பியைப் பற்றியது. மேஜிக் அதில் ஓர் உடை போல. 2022இன் தொடரில் அந்தக் காலப்பாய்ச்சல் திட்டத்தின் தலைவராக ஒருவர் இருக்கிறார், ஹெர்பர்ட் 'மேஜிக்' வில்லியம்ஸ். எர்னி ஹட்சன் நடித்த பாத்திரம். அதே படைவீரன்தான், இப்போது முதியவர். ஓர் எபிசோடில் அவர் உட்கார்ந்து, தன் வாழ்விலிருந்து சில நாட்கள் எப்படித் தனக்குத் தெரியாமல் இன்னொருவரால் வாழப்பட்டன என்பதைச் சொல்கிறார். ஹட்சன் குரலை உயர்த்தவே இல்லை. அந்த ஒரு காட்சிக்காகவே இந்த மறுஆக்கம் எடுக்கப்பட்டது தகும் என்று நினைக்கிறேன். பழைய தொடரில் வாயில்லாமல் இருந்தவர் புதிய தொடரில் வந்து பேசுகிறார். மறுஆக்கம் என்று இருந்தால் அது செய்ய வேண்டிய வேலை இது என்பேன்: பழையது யாரிடம் கேட்காமல் விட்டதோ அவரிடம் போய்க் கேட்பது.

என் வருத்தம் என்னவென்றால், அது சில நிமிடங்களோடு நின்றுவிட்டது. காத்திருப்பு அறையைப் புதிய தொடர் பயன்படுத்திக்கொள்ளவேயில்லை. அதற்குப் பதிலாகத் தலைமையகத்தைக் கதைக்குள் கொண்டுவந்தது. பென் ஏன் சொல்லாமல் பாய்ந்தான், யார் சதி செய்தது, கணினியில் யார் கைவைத்தது என்று ஒரு சீசன் முழுக்க நீளும் மர்மம். இன்றைய பார்வையாளர்கள் அடுத்த எபிசோடுக்கு உடனே தாவ வேண்டும் என்ற கட்டாயம் இருக்கிறது, அதை நான் அறிவேன். 1989இல் ஒரு வாரம் தவறவிட்டவரும் அடுத்த வாரம் வந்து உட்காரலாம் என்பதற்காக ஒவ்வொரு எபிசோடும் தனிக்கதையாக இருந்தது. அந்த ஏற்பாடு ஒவ்வொரு வாரமும் ஒரு சாதாரண மனிதரின் வாழ்வுக்கு முழு மணிநேரத்தையும் கொடுத்தது. பழைய தொடரில் எதிர்காலத்தை நாம் கண்டது மிக அரிது. சாமுக்குத் தெரியாதது நமக்கும் தெரியாது. அல் கதவைத் திறந்துகொண்டு வரும்வரை அவனோடு சேர்ந்து நாமும் தனியாக இருந்தோம். புதியதில் பென் ஒரு மருத்துவமனையிலோ விண்கலத்திலோ உயிருக்குப் போராடிக்கொண்டிருக்கும்போது, காட்சி மாறி நாலு பேர் திரைகளைப் பார்த்துப் பேசிக்கொண்டிருப்பார்கள். போராடுகிறவரின் நேரம் அங்கே போய்விடுகிறது.

'டாக்டர் ஹூ'வை இங்கே நினைக்காமல் இருக்க முடியாது. பிபிசியில் 1963 நவம்பர் 23 அன்று, கென்னடி கொல்லப்பட்டதற்கு மறுநாள், தொடங்கிய காலப்பயணத் தொடர். தயாரிப்பாளர் வெரிட்டி லாம்பர்ட் என்னும் இளம்பெண். முதல் கதையை இயக்கியவர் இந்தியாவில் பிறந்த வாரிஸ் ஹுசைன். நாயகனாக நடித்த வில்லியம் ஹார்ட்னெல் 1966இல் விலகியபோது, அந்தப் பாத்திரம் புது உடலெடுக்கும் என்று ஒரு வழி கண்டுபிடித்தார்கள். அன்றிலிருந்து மறுஆக்கம் என்பது அந்தத் தொடரின் இரத்தத்திலேயே ஓடுகிறது. இருந்தும் 1989 டிசம்பரில் அது நின்றுபோனது. அதை இருமுறை உயிர்ப்பிக்க முயன்றார்கள்.

1996இல் எடுக்கப்பட்ட தொலைக்காட்சிப் படம், பழைய எதிரியின் பெயர், பழைய கிரகங்களின் பெயர், பழைய நாயகனின் மரணம் எனத் தொடங்குகிறது. பால் மெக்கான் அருமையாக நடித்தார். ஆனால் புதிதாக வந்தவருக்கு அது தெரியாத வீட்டுத் துக்கத்துக்குப் போனது போல இருந்திருக்கும். அது தொடராக வளரவில்லை. 2005இல் ரஸ்ஸல் டி டேவிஸ், ரோஸ் என்னும் 19 வயதுக் கடைப் பணிப்பெண்ணின் காலையிலிருந்து தொடங்கினார். அலாரம் அடிக்கிறது, எழுந்து வேலைக்குப் போகிறாள். டாக்டர் யார் என்று அவளுக்குத் தெரியாது. நமக்கும் தெரிந்திருக்க வேண்டியதில்லை. அவனுடைய கால இயந்திரமான நீல நிறப் போலீஸ் பெட்டி அப்படியே இருந்தது. ஆனால் டாக்டரின் சொந்தக் கிரகம் ஒரு போரில் அழிந்துவிட்டது, அவன் இனத்தில் கடைசி ஆள் அவன்தான் என்று ஒரு புதிய காயத்தைக் கொடுத்தார். இருபத்தாறு வருடக் கதையைத் தூக்கி எறியவும் இல்லை, பார்வையாளர் தலையில் ஏற்றவும் இல்லை. அது ஒரு மனிதனின் மௌனமாக மாறிவிட்டது. அந்த முதல் எபிசோட் வந்த நாள் மார்ச் 26. 'குவாண்டம் லீப்' 1989இல் பிறந்ததும் ஒரு மார்ச் 26 அன்றுதான். தற்செயல்தான் என்றாலும் எனக்கு அதை நினைத்தால் மகிழ்ச்சியாக இருக்கிறது.

'குவாண்டம் லீப்'பின் புதிய குழுவும் இரண்டாவது சீசனில் தன் சொந்தக் காயத்தைக் கண்டெடுத்தது. பென்னுக்கு ஒரு பாய்ச்சலுக்கும் அடுத்த பாய்ச்சலுக்கும் இடையே ஒரு கணம்தான். தலைமையகத்தில் அதற்குள் மூன்று வருடங்கள் போய்விட்டன. அவனுக்கு ஹோலோகிராமாக வந்துகொண்டிருந்த காதலி ஆடிசன், அவன் இறந்துவிட்டான் என்று நம்பி அழுது முடித்து, வேறொருவரோடு வாழ்க்கையைத் தொடங்கிவிட்டாள். இதில் யார் மீதும் தவறில்லை. பிறகு 1949இல் ஓர் உணவகத்தில் வேலை செய்துகொண்டே இயற்பியலை நேசிக்கும் ஹானாவைப் பென் சந்திக்கிறான். அடுத்தடுத்த பாய்ச்சல்களில் அவளையே, வருடங்கள் கழித்து, இன்னும் சில வருடங்கள் கழித்து, மறுபடி மறுபடி சந்திக்கிறான். அவனுக்குச் சில நாட்கள். அவளுக்கு ஓர் ஆயுள். பழைய தொடர் தொடாத இடம் இது. சாம் யாரையும் இரண்டாம் முறை பார்ப்பது அபூர்வம். பென் ஒருத்தி முதுமையை நோக்கி நடப்பதைத் துண்டு துண்டாகப் பார்க்கிறான். தாமதமாகக் கிடைத்த இந்தப் புதையலை எடுத்துச் செலவழிக்க அவர்களுக்கு நேரம் கொடுக்கப்படவில்லை.

பழைய ரசிகர்கள் பலர் கடைசிவரை ஒன்றைத்தான் கேட்டார்கள்: சாமைக் கொண்டுவாருங்கள். புதிய தொடரில் தனக்குப் பங்கில்லை என்று பாகுலா தொடக்கத்திலேயே வெளிப்படையாகச் சொல்லிவிட்டார். ஸ்டாக்வெல் 2021இல் காலமாகியிருந்தார். நானும் சாமைக் கேட்டவன்தான். இப்போது கேட்கவில்லை. காரணம் 1990இன் இன்னொரு எபிசோட். அதில் சாம் 1969இல் தன் சொந்த உடலில், பதினாறு வயதுப் பையனாக, இண்டியானாவில் தங்கள் பண்ணை வீட்டில் கண் விழிக்கிறான். இறந்துபோன அப்பா உயிரோடு நிற்கிறார். (அப்பாவாகவும் பாகுலாவே நடித்திருப்பார்.) புகைப்பதை நிறுத்துங்கள் என்று கெஞ்சுகிறான். அண்ணனைப் போருக்குப் போகாதே என்கிறான். தங்கை நம்பவில்லை. அவளை நம்பவைக்க, 1971இல்தான் வெளிவரப் போகும் ஒரு பாட்டைக் கிதாரில் வாசித்துப் பாடுகிறான். அவள் கேட்டுக்கொண்டிருக்கிறாள், முகம் மலர்கிறது, பிறகு மெல்ல உடைகிறது. இந்தப் பாட்டு உண்மையென்றால் அண்ணன் சாகப் போவதும் உண்மை. அவள் அழுவதைப் பொறுக்க முடியாமல் சாம் எல்லாவற்றையும் தானே கட்டிவிட்டதாகச் சொல்லிவிடுகிறான்.

என் அப்பா இறந்த அடுத்த வருடம் அதைப் பார்த்தேன். அவரிடம் என்னவெல்லாம் சொல்லித் தடுத்திருக்கலாம் என்று மனத்துக்குள் ஒரு பட்டியல் வைத்திருந்த காலம். சாம் அந்தப் பொய்யைச் சொல்லும் இடத்தில் அந்தப் பட்டியலைக் கீழே வைத்தேன். அவன் வீட்டுக்கு வந்துதான் இருந்தான். வந்தபோது அவனால் செய்ய முடிந்தது, தங்கையின் அழுகையை நிறுத்தியது மட்டும்தான்.

கடைசி எபிசோடிலும் அவன் தனக்காக எதையும் கேட்கவில்லை. வியட்நாமில் சிறைப்பட்டிருந்த அல் இறந்துவிட்டான் என்று நம்பி, அவன் மனைவி பெத் வேறு வாழ்க்கைக்குப் போயிருந்தாள். முன்பொரு எபிசோடில் அல் அவளிடம் சொல்லும்படி கெஞ்சியபோது, விதி அதுவல்ல என்று சாம் மறுத்திருந்தான். இப்போது நேராக அவள் வீட்டுக்குப் போய், உன் கணவன் உயிரோடிருக்கிறான், காத்திரு என்று சொல்கிறான். கறுப்புத் திரையில் முதலில் வரும் வரி இதைத்தான் சொல்கிறது: பெத் மறுமணம் செய்துகொள்ளவில்லை, அவளுக்கும் அல்லுக்கும் நான்கு மகள்கள். அதற்கடுத்த வரிதான் அந்தப் பிழையான பெயர். 2022இன் தொடரில் முக்கியமான வேலையைச் செய்யும் ஜானிஸ் கலவிச்சி அந்த மகள்களில் ஒருத்தி. சாம் அன்று அந்த வீட்டுக்குப் போகாவிட்டால் அவள் பிறந்தே இருக்க மாட்டாள். பெத்தாக அன்று நடித்த சூசன் டயோல் அதே பாத்திரத்தில் திரும்பி வருகிறார். சாம் வரவில்லை, அவன் செய்தது வந்திருக்கிறது. எனக்கு அது போதும்.

ஆகவே மூன்றாவது முறை யாராவது இந்தத் தொடரைக் கையில் எடுத்தால், சாமைத் தேடிப் போக வேண்டாம். இயந்திரத்தையும் தலைமையகத்தையும் காட்டித் தொடங்க வேண்டாம். வெளிச்சம் மிகுந்த ஒரு வெற்று அறையில் தொடங்கட்டும். வயதான ஒருவர் கண் விழிக்கிறார். தன் கைகளைப் பார்க்கிறார், எதிரே பளபளக்கும் பரப்பில் அறிமுகமில்லாத ஓர் இளைஞனின் முகத்தைப் பார்க்கிறார். தான் இருந்த இடத்தில் இப்போது வேறு யாரோ இருக்கிறான் என்பது அவருக்குத் தெரியாது. கதவு திறக்கிறது. உள்ளே வந்தவள் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு அவர் எதிரே உட்காருகிறாள். அந்த எபிசோட் முழுவதும் அவர் பேசட்டும்.